கடைசி இடக்கையன்

ஆட்டம் விடியுமுன் தொடங்கும். வெயில் ஏறுவதற்குள் முடித்தாக வேண்டும். எட்டு மணிக்குமேல் திறந்தவெளியில் யாரும் ஓடியாடக் கூடாது என்று வெப்பக் காப்புச் சட்டம் வந்து வெகுகாலம் ஆகியிருந்தது. நாள் முழுக்க ஆடும் கிரிக்கெட்டை அந்தச் சட்டம்தான் ஒழித்தது. அது விட்டுப்போன இடத்தில் பேஸ்பால் வந்து உட்கார்ந்துகொண்டது. தூத்துக்குடி, கொழும்பு, விசாகப்பட்டினம், பினாங்கு என்று கடலோர ஊர்கள் சிலவற்றைச் சேர்த்துக் கடற்கரை லீக் என்று ஒன்று நடந்தது. மக்கள் தூக்கக் கலக்கத்தோடு பிளாஸ்கில் காப்பி எடுத்துவந்து உட்காருவார்கள். ஆட்டம் முடிந்ததும் அங்கிருந்தே வேலைக்குப் போவார்கள்.

இன்னாசிக்கு ஆட்டத்தின் முதல் பாதியில் வேலை கிடையாது. மைதானத்தின் ஓரத்தில், மாற்று எறிவாளர்கள் காத்திருக்கும் கம்பிவலைக் கூண்டில் உட்கார்ந்திருப்பான். மாட்டை அடைக்கிற இடம் என்று பொருள்படும் ஆங்கிலப் பெயர் அதற்கு உண்டு. தூத்துக்குடிக்காரர்கள் தொழுவம் என்றே சொல்லிவிட்டார்கள். ஏழாவது இன்னிங்ஸ் வாக்கில் தொழுவத்துச் சுவரில் இருக்கும் போன் அடிக்கும். பயிற்றுநர் துரைக்கண்ணு ஒரு வார்த்தைக்குமேல் பேசமாட்டார். "எந்திரி" என்பார். இன்னாசி எழுந்து இடது தோளைச் சுழற்றிக் கையைச் சூடாக்கிக்கொண்டு மைதானத்துக்குள் நடப்பான்.

அவன் போவது ஒரே ஒரு ஆளுக்காக. எதிரணியில் இடப்பக்கமாக நின்று அடிக்கும் மட்டையாளர் ஒருவர் வந்திருப்பார். வலக்கை எறிவாளர் வீசும் பந்து அந்த ஆளின் கண்ணுக்குத் தெளிவாகத் தெரியும், உடம்பை நோக்கி வளைந்து வரும், அடிப்பது சுலபம். இன்னாசி இடக்கையால் வீசினாலோ பந்து அவருடைய முதுகுக்குப் பின்னாலிருந்து கிளம்புவதுபோல் இருக்கும். உள்ளே வருகிறது என்று அவர் நினைக்கும்போது வெளியே விலகி ஓடும். மட்டை காற்றை அடிக்கும். மூன்று தடவை அப்படித் தவறவிட்டு ஆள் அவுட் ஆனதும் துரைக்கண்ணு எறிவாளர் நிற்கும் மேட்டுக்கு வந்து இன்னாசியின் கையிலிருந்து பந்தை வாங்கிக்கொள்வார். இன்னாசி தொப்பியைச் சரிசெய்துகொண்டு திரும்பி நடப்பான். அன்றைய வேலை முடிந்தது. கொதிக்க வைத்த டீ ஆறுவதற்குள் முடிந்துவிடும் வேலை. அதற்காகத்தான் அவனை இத்தனை வருடங்கள் வைத்திருந்தார்கள்.

அப்போது அவனுக்கு வயது முப்பத்தெட்டு. அவனோடு ஆட ஆரம்பித்தவர்கள் எல்லாரும் விலகிவிட்டார்கள். அவனுடைய முழங்கைத் தசைநார் இரண்டு முறை அறுந்தது. இரண்டு முறையும் அவன் செல்லிலிருந்தே ஆய்வகத்தில் புதுத் தசைநார் வளர்த்துத் தைத்தார்கள். இரண்டாம் முறை அவன் போதும் என்று சொல்லிப்பார்த்தான். நிர்வாகம் கேட்கவில்லை. அவனுக்குப் பதிலாக நிறுத்த வேறொரு இடக்கை எறிவாளர் எந்த ஊரிலும் இல்லை. இனிமேல் வரப்போவதும் இல்லை.

அதன் காரணம் ஒரு காய்ச்சல். இன்னாசி பால் குடிக்கும் பருவத்தில் கடலோரம் முழுக்கச் சதுப்புக் காய்ச்சல் பரவியது. கொசு கொண்டுவந்தது, நீர்ப்பறவைகளிடம் தங்கியது, குழந்தைகளின் மூளையைத் தேடிப் போனது. ஒவ்வொரு மழைக்கும் கிருமி உருமாறியதால் தடுப்பூசி எதுவும் நிலைக்கவில்லை. தெருவுக்கு இரண்டு வீடுகளிலாவது பிள்ளையைப் பறிகொடுத்தார்கள். கடைசியில் கண்டுபிடிக்கப்பட்டதுதான் கருச்சீர். கர்ப்பத்தின் மூன்றாம் மாதம் தாய்க்கு ஒரு ஊசி. கருவின் மூளைச் செல்லில் கிருமி நுழையும் வாசலை அது மூடிவிடும். கருச்சீர் பெற்றுப் பிறந்த பிள்ளை எதுவும் அந்தக் காய்ச்சலில் சாகவில்லை. சட்டம் அதைக் கட்டாயமாக்கியபோது யாரும் முணுமுணுக்கக்கூட இல்லை.

இடக்கைப் பிள்ளைகள் பிறப்பது நின்றுபோனதை முதலில் கவனித்தவர்கள் மருத்துவர்கள் அல்ல, பேஸ்பால் அணிகளுக்காகப் பள்ளிக்கூடம் பள்ளிக்கூடமாக ஆள் தேடி அலைந்தவர்கள். ஒரு வருடம் இடக்கை எறிவாளர் கிடைக்கவில்லை. மறு வருடமும் கிடைக்கவில்லை. அப்புறம்தான் ஆராய்ந்து பார்த்தார்கள். மூளையின் எந்தப் பாதி எந்தக் கையை ஆளும் என்று கருவில் முடிவாகும் நேரமும் கருச்சீர் வேலைசெய்யும் நேரமும் ஒன்றாக இருந்தன. ஊசி போட்ட பிள்ளைகள் எல்லாரும் வலக்கையராகவே பிறந்தார்கள். செய்தி வந்தது, ஒரு வாரம் பேசினார்கள், விட்டுவிட்டார்கள். பிள்ளைகள் உயிரோடு இருக்கும்போது எந்தக் கையால் எழுதினால் என்ன. இன்னாசியும் அப்படித்தான் நினைத்தான். இருபதைத் தாண்டாத வயது அப்போது. தன் கையின் மதிப்பு ஏறிவிட்டது என்பது மட்டும்தான் அவனுக்குப் புரிந்தது.

மதிப்பு உண்மையிலேயே ஏறியது. இடக்கை எறிவாளர்கள் குறைந்ததும் அணிகள் எல்லாம் வலக்கைப் பிள்ளைகளை இடப்பக்கம் நின்று அடிக்கப் பழக்கின. வீரர்கள் உட்காரும் இடத்தில் இருந்த கணிப்பான் ஒவ்வொரு மட்டையாளருக்கும் வெற்றி வாய்ப்பைத் திரையில் ஒரு கோடாகப் போட்டுக் காட்டும். இன்னாசியின் பெயரைத் தட்டினால் மட்டும் அந்தக் கோடு பாதியாகச் சரியும்.

லீக்கில் அவனைத் தவிர இன்னொரு இடக்கையர் கொஞ்ச காலம் இருந்தார். கொழும்பு அணியின் சிவகடாட்சம். யாழ்ப்பாணத்துக்காரர், இன்னாசியைவிட நான்கைந்து வயது மூத்தவர். இரண்டு அணிகளும் மோதும்போது எதிர்த் தொழுவத்திலிருந்து இடக்கையைத் தூக்கிக் காட்டுவார். இன்னாசியும் தூக்குவான். ஆட்டம் முடிந்து ஒன்றாக டீ குடிக்க உட்கார்ந்தால் முழங்கை இடிக்காமல் பக்கத்தில் பக்கத்தில் உட்காரலாம். அதை இரண்டு பேருமே ஒரு சுகமாக நினைத்தார்கள். தோள் எலும்பு தேய்ந்து சிவகடாட்சம் விலகிய அன்று இன்னாசிக்குப் போன் செய்தார். "இனி நீர் ஒராள்தான் ஐசே" என்றார். சிரித்துக்கொண்டுதான் சொன்னார். போனை வைத்தபிறகு இன்னாசி ஈரச் சட்டையோடு வெகுநேரம் உடைமாற்றும் அறையிலேயே இருந்தான்.

அதற்குப்பின் அவன் மாறிப்போனான் என்று அவன் மனைவி ஜெசிந்தா சொல்வாள். இடக்கையருக்கான பேஸ்பால் கையுறை செய்த ஜப்பான் கம்பெனி அந்த அச்சைத் தூக்கிப் போட்டுவிட்டது. அவனுக்காக மட்டும் கையால் தைத்து அனுப்பினார்கள். இளம் வீரர்கள் அவன் கையெழுத்துப் போடுவதைச் சுற்றி நின்று வேடிக்கை பார்த்தார்கள். யாரும் கேலி செய்யவில்லை. மரியாதையோடுதான் பார்த்தார்கள். காட்சிச்சாலையில் கடைசி மிருகத்தைப் பார்க்கிற மரியாதை என்று ஒருநாள் ஜெசிந்தாவிடம் சொன்னான். அவள் துறைமுகச் சரக்குப் பிரிவில் வேலை பார்த்தாள். வேலை விட்டு வந்த களைப்பிலும் அந்தப் பேச்சு அவளுக்கு உறைத்தது.

கல்யாணமாகி ஒன்பது வருடம் கழித்து ஜெசிந்தா உண்டானாள். அதே சமயம் சட்டத்தில் ஒரு விலக்கு வந்திருந்தது. காய்ச்சல் கண்ணில் பட்டே பத்து வருடத்துக்குமேல் ஆகிவிட்டது. பெற்றோரில் ஒருவர் இடக்கையராக இருந்து, இருவரும் மனமொத்துக் கேட்டால், கருச்சீர் ஊசியைத் தவிர்க்கலாம். அந்த விலக்குக்காக லீக் பின்னாலிருந்து வேலை செய்தது எல்லாருக்கும் தெரியும். ஆனால் அணியிலிருந்து யாரும் வந்து இன்னாசியை வற்புறுத்தவில்லை. துரைக்கண்ணு ஒரே ஒரு தடவை விஷயத்தைத் தொட்டார். அது குடும்ப விஷயம், நான் பேசக் கூடாது என்று அவரே நிறுத்திக்கொண்டார்.

ஆசைப்பட்டது இன்னாசிதான். ஒரு வாரம் மனதில் வைத்திருந்துவிட்டு ஒரு ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து வந்ததும் ஜெசிந்தாவிடம் சொன்னான். அவள் மீன் ஆய்ந்துகொண்டிருந்தாள். கத்தியை வைத்துவிட்டு அவனை நிமிர்ந்து பார்த்தாள்.

"ஒங்களுக்குப் பிள்ள வேணுமா, கை வேணுமா?"

தனக்குப்பின் மேட்டில் வந்து நிற்க ஒரு ஆள் வேண்டும் என்பதல்ல என்று சொல்லப்பார்த்தான். பந்து எறிய வேண்டாம், பேஸ்பால் பக்கமே வர வேண்டாம். சாப்பிடும்போது எதிரே உட்கார்ந்து தன்னைப்போலவே டம்ளரைத் தூக்குகிற ஒரு உயிர் போதும். இதை ஒருவழியாகச் சொல்லி முடித்தான். ஜெசிந்தா கையைக் கழுவிவிட்டு வந்து பக்கத்தில் உட்கார்ந்தாள். நாளைக்கு டாக்டரம்மாவிடம் கேட்போம் என்றாள்.

டாக்டர் மெஹருன்னிசா எதையும் மறைக்கவில்லை. காய்ச்சல் திரும்பி வராது என்று அரசாங்கம் சொல்கிறது, நான் அப்படிச் சொல்லமாட்டேன் என்றார். இன்னொன்றையும் சொன்னார். தகப்பன் இடக்கையராக இருந்தாலும் பிள்ளை இடக்கையாக வருவது அபூர்வம்தான், ஐந்து பிள்ளைகளில் ஒன்று அப்படி வந்தால் பெரிது. இன்னாசி தலையாட்டினான். ஐந்தில் ஒன்று என்பது மட்டும் அவன் காதில் விழுந்தது. இரண்டு நாள் கழித்து அவளாகவே வந்து சரி என்றாள். ஏன் சரி என்றாய் என்று பல வருடங்கள் கழித்து அவன் கேட்டபோது, அன்றைக்கு உங்கள் முகத்தைப் பார்க்க முடியவில்லை என்று மட்டும் சொன்னாள்.

பிள்ளை பெண்ணாகப் பிறந்தது. அமலி என்று பெயர் வைத்தார்கள். நிறைய முடி, ஜெசிந்தாவின் மூக்கு, கோபம் வந்தால் மூச்சடக்கி முகம் சிவக்கும். ஞானஸ்நானத்துக்கு அணியே வந்தது. துரைக்கண்ணு ஒரு கிலுகிலுப்பையைக் கொண்டுவந்து குழந்தையின் நெஞ்சுக்கு நேராக, நட்ட நடுவில் பிடித்தார். எல்லாரும் மூச்சுவிடாமல் பார்த்தார்கள். அமலி இரண்டு கையாலும் அதைப் பிடித்து வாயில் வைத்துக்கொண்டாள். எல்லாரும் சிரித்தார்கள்.

முதல் வருடம் இரண்டு கையாலும் எடுத்தாள். தவழ்ந்தபோது சில நாள் இடக்கை முந்தியது. அந்த நாட்களில் இன்னாசி வெளியூர் ஆட்டங்களிலிருந்து தினமும் போன் செய்து இன்றைக்கு எந்தக் கை என்று கேட்பான். நடக்கத் தொடங்கியபின் சந்தேகத்துக்கு இடம் இல்லாமல் போயிற்று. கதவைத் தள்ளியது, பென்சிலைப் பிடித்தது, பூனையின் வாலை இழுத்தது எல்லாம் வலக்கைதான்.

ஒருநாள் காலை ஜெசிந்தா அடுப்படியிலிருந்து எட்டிப்பார்த்தாள். அமலி இட்லியைப் பிய்த்துக்கொண்டிருந்தாள். இன்னாசி அவள் எதிரே தரையில் உட்கார்ந்து, அவளுடைய வலக்கையிலிருந்த துண்டை எடுத்து இடக்கையில் வைத்தான். பிள்ளை அதை வலக்கைக்கு மாற்றியது. அவன் மறுபடியும் எடுத்து இடக்கையில் வைத்தான். பிள்ளை அழ ஆரம்பித்தது.

"ஒங்கம்மா ஒங்களுக்குச் செஞ்சததான் நீங்க எம்பிள்ளைக்குச் செய்யுதீங்க" என்றாள் ஜெசிந்தா.

பீச்சாங்கையால் சாப்பிடாதே என்று அவன் அம்மா விரலில் அடித்ததும், இடக்கையை முந்தானையால் கட்டிவைத்ததும் அவன்தான் அவளிடம் சொன்ன கதை. அவன் அமலியைத் தூக்கி மடியில் வைத்து, அவளுடைய வலக்கையை எடுத்து உள்ளங்கையில் முத்தம் கொடுத்தான். அன்றோடு அந்த ஆசை அவனை விட்டுப் போயிற்று. போயிற்று என்பதைவிட, அதைவிடப் பெரிய ஒன்று வந்து அதன் இடத்தை நிறைத்துவிட்டது என்று சொல்லலாம். அணியிலிருந்தும் பிறகு யாரும் கேட்கவில்லை.

அடுத்து வந்த இரண்டு வருடங்கள் அவர்களுக்கு நல்ல வருடங்கள். உள்ளூர் ஆட்டம் என்றால் ஜெசிந்தா அமலியைப் போர்வையில் சுற்றித் தூக்கிக்கொண்டு வருவாள். அமலி ஆட்டம் முழுக்கத் தூங்குவாள். இன்னாசி மேட்டுக்கு வரும் ஐந்து நிமிடத்துக்கு மட்டும் எழுப்பிவிடச் சொல்வாள். அவன் எறிந்து முடித்துத் திரும்பும்போது வலைக்குப் பின்னாலிருந்து அவள் கையாட்டுவது தெரியும். அவனுக்கு நாற்பதைத் தாண்டிய வயதிலும் பந்து முன்னைப்போல விலகி ஓடியது. அந்த இரண்டு பருவங்களில்தான் தூத்துக்குடி அணி கோப்பையையும் ஜெயித்தது.

அமலிக்கு நான்கு வயது முடிந்த வருடம் மழை விட்டபாடில்லை. உப்பளங்கள் ஏரிகளாயின. வராத நாட்டிலிருந்தெல்லாம் பறவைகள் வந்து இறங்கின. ஊரே போய் அவற்றை வேடிக்கை பார்த்தது. கார்த்திகைக் கடைசியில் ஒருநாள் அமலி தலை வலிக்கிறது என்று பால்வாடியிலிருந்து சீக்கிரமே வந்தாள். சாயங்காலம் உடம்பு கொதித்தது. மறுநாள் வலிப்பு வந்தது.

ஆஸ்பத்திரியில் இருந்த மருத்துவர் இளைஞர். யாழன் என்று பெயர். கருச்சீர் பெற்றுப் பிறந்த தலைமுறை. பரிசோதனை முடிவை அவர் இரண்டு முறை படித்துப் பார்த்தார். பிறகு இருவரையும் உட்காரச் சொல்லி, இது சதுப்புக் காய்ச்சல், நான் இதைப் புத்தகத்தில் மட்டும்தான் படித்திருக்கிறேன், சென்னையிலிருக்கும் பெரியவர்களோடு பேசிக்கொண்டேதான் வைத்தியம் செய்யப்போகிறேன் என்றார். அவர் அதை மறைக்காமல் சொன்னது ஜெசிந்தாவுக்கு ஒருவிதத்தில் தைரியமாக இருந்தது.

அந்த வார்டில் முன்பு நாற்பது குழந்தைகள் கிடந்தார்களாம். இப்போது சாமான் போட்டுவைக்கும் அறையாக இருந்தது. அவசரமாக ஒதுக்கி ஒரு கட்டில் போட்டார்கள். ஊரில் அத்தனை பிள்ளைகளையும் அதே கொசு கடித்திருக்கும். ஒருவருக்கும் தும்மல்கூட இல்லை. பள்ளிக்கூடங்கள் வழக்கம்போல நடந்தன. ஆஸ்பத்திரி ஜன்னல் வழியாகப் பார்த்தால் எதிர்த் தெருவில் பிள்ளைகள் மழைத்தண்ணீரில் குதித்து விளையாடுவது தெரிந்தது. அந்த நீண்ட அறையில் அமலி மட்டும் படுத்திருந்தாள்.

ஜெசிந்தா அவனை ஒரு வார்த்தை சொல்லவில்லை. சொல்லியிருந்தால் தாங்கியிருப்பான். மூன்றாம் நாள் அவனே ஆரம்பித்தான். நான்தானே ஜெசி, என்னால்தானே என்றான். அவள் பிள்ளையின் நெற்றித் துணியை நனைத்துப் பிழிந்து போட்டுவிட்டு, அவன் பக்கம் திரும்பாமலே சொன்னாள்.

"ரெண்டு பேருந்தான் ஒப்புக்கிட்டோம். எனக்குப் பங்கு இல்லங்கிற மாதிரி பேசாதீங்க. இப்ப அவ பிழைக்கட்டும்."

அமலி பிழைத்தாள். இரண்டு வாரம் கழித்துக் கண்ணைத் திறந்து அம்மா என்றாள். அறைக்கு வெளியே நின்ற யாழன் சுவரைப் பார்த்துத் திரும்பிக்கொண்டார். ஆனால் காய்ச்சல் மூளையின் இடப்பாதியில் தன் வேலையைச் செய்துவிட்டுத்தான் போயிருந்தது. அமலியின் வலக்காலில் தடுமாற்றம் இருந்தது. அது காலப்போக்கில் சரியாகும் என்றார்கள். வலக்கை மணிக்கட்டில் மடங்கி, விரல்கள் மூடியபடி மார்போடு ஒட்டிக்கொண்டது. அது சரியாகும் என்று யாரும் சொல்லவில்லை. தசைநாரை வளர்த்துத் தைக்க முடிகிற காலத்தில் மூளையின் அந்தத் துளியை வளர்க்க இன்னும் வழி வந்திருக்கவில்லை.

ஆஸ்பத்திரியில் கடைசி நாள் காலை தட்டில் இட்லி வைத்தார்கள். அமலி வலக்கையைப் பார்த்தாள். அது அசையவில்லை. கொஞ்ச நேரம் யோசித்தாள். பிறகு இடக்கையை நீட்டி, தடுமாறி, ஒரு துண்டைப் பிய்த்து வாய்க்குக் கொண்டுபோனாள். பாதி மடியில் விழுந்தது. இன்னாசி எழுந்து வெளியே போய்விட்டான். படிக்கட்டில் உட்கார்ந்து முகத்தைத் துண்டால் மூடிக்கொண்டு அழுதான். மேலே போனவர்களும் கீழே வந்தவர்களும் அவனைச் சுற்றிப் போனார்கள். அவன் யார் என்று எல்லாருக்கும் தெரியும்.

மறு பருவம் தொடங்கியதும் அவன் ஆடப் போனான். வீட்டில் இருக்க முடியாமல்தான் போனான். முதல் சில ஆட்டங்களில் தொழுவத்துப் போன் அவனுக்காக அடிக்கவில்லை. துரைக்கண்ணு வேண்டுமென்றே அழைக்காமல் இருந்தார். பிறகு பினாங்கு அணியோடு ஒரு நெருக்கமான ஆட்டம். கடைசி இன்னிங்ஸ், மூன்று தளங்களிலும் ஓடிவரக் காத்திருக்கும் எதிரணி ஆட்கள், இடப்பக்கம் நின்று அடிக்கும் ஒரு இளைஞன் மட்டையோடு வந்தான். போன் அடித்தது.

இன்னாசி மேட்டில் ஏறி நின்றான். அந்த இளைஞனுக்கு இருபது வயது இருக்கும். கழுத்தில் தாயத்து, வாயில் சூயிங்கம், நல்ல அகலமான தோள். இன்னாசி அவனைப் பார்த்தான். பிறகு தளங்களில் நின்றவர்களை, தன் அணிக்காரர்களை, ஒவ்வொருவராகப் பார்த்தான். தன்னைத் தவிர அந்த மைதானத்தில் ஓடிய ஒவ்வொரு உடம்பும் அந்த ஊசியால் தப்பிய உடம்பு என்று அவனுக்கு அப்போதுதான் முதன்முதலாகத் தோன்றியது. இத்தனை வருடம் அவர்கள் நடுவில் தான் தனியாள் என்று வருத்தப்பட்டுக்கொண்டிருந்தான். அவர்கள் எல்லாரும் உயிரோடு இருந்தார்கள். அவர்களுடைய அம்மாக்கள் யாரும் ஆஸ்பத்திரி ஜன்னலோரம் உட்கார்ந்திருக்கவில்லை.

மூன்று பந்துகள் எறிந்தான். மூன்றும் அவன் வாழ்நாளில் எறிந்த சிறந்த பந்துகளோடு சேரும். மட்டை மூன்று தடவையும் காற்றை அடித்தது. அரங்கமே எழுந்து நின்று கத்தியது. துரைக்கண்ணு மேட்டுக்கு வந்து பந்துக்காகக் கையை நீட்டினார். இன்னாசி பந்தோடு உறையையும் கழற்றி அவரிடம் கொடுத்தான். இனி வரமாட்டேன் என்றான்.

"கை வலிக்கா?" என்று கேட்டார் துரைக்கண்ணு.

"கை நல்லாத்தாம்ணே இருக்கு."

செய்திகளில் அவனைக் கடைசி இடக்கையன் என்று எழுதினார்கள். அவன் எறிந்த ஆட்டங்களைத் தொகுத்துப் போட்டார்கள். அவன் எதையும் பார்க்கவில்லை.

அதன்பிறகு அமலியைக் கைகால் பயிற்சி மையத்துக்குக் கூட்டிப்போவது அவன் வேலையாயிற்று. பெரிய கோயிலுக்குப் பின்னால் இருந்த அந்த மையத்துக்கு அவன் வயதுக்காரர்கள் சிலர் வருவார்கள். சின்னப் பிள்ளையில் சதுப்புக் காய்ச்சலுக்குத் தப்பியவர்கள். ஒரு கை மடங்கியிருக்கும், அல்லது ஒரு கால் இழுக்கும். அவர்களில் வலக்கை போன இருவர் இடக்கையால் எழுதினார்கள், இடக்கையால் கைப்பேசியைத் தட்டினார்கள். அமலிக்கு அவர்களைப் பிடித்துப்போயிற்று. தன் பள்ளியில் யாருக்கும் இல்லாதது இவர்களிடம் இருந்தது. வலது மணிக்கட்டைத் தூக்கி அவர்களிடம் காட்டுவாள். அவர்களும் தங்களுடையதைக் காட்டுவார்கள்.

வீட்டில் பொத்தான் போட, தலை வார, செருப்பு வார் மாட்ட அவளுக்கு உதவுவதற்கு இன்னாசி இருந்தான். ஒரு கையால் செய்கிற வித்தை அவனுக்கும் தெரியாது. இரண்டு பேரும் சேர்ந்துதான் கண்டுபிடித்தார்கள். அவன் தன் வலக்கையை இடுப்புக்குப் பின்னால் மடக்கி வைத்துக்கொண்டு அவள் எதிரே உட்கார்ந்து முயன்றுபார்ப்பான். பல சமயம் அவள்தான் முதலில் முடிப்பாள். அப்போதெல்லாம் அவள் சிரிப்பாள். ஜெசிந்தா அந்தச் சிரிப்பைக் கேட்க வேலையிலிருந்து சீக்கிரம் வருவாள்.

ஆனி மாதம் ஒரு மாலை மூன்று பேரும் தரையில் உட்கார்ந்து சாப்பிட்டுக்கொண்டிருந்தார்கள். அன்றைக்கு ஜெசிந்தா சாளை மீன் குழம்பு வைத்திருந்தாள். இன்னாசி சிறுவயதில் அடிபட்டுப் பழகிய பழக்கத்தில் சோற்றை வலக்கையால்தான் பிசைவான். தண்ணீர் டம்ளரை இடக்கையால் எடுத்தான். அமலியும் அதே நேரம் இடக்கையால் தன் டம்ளரை எடுத்தாள். தண்ணீர் சிந்தாமல் குடித்துவிட்டுக் கீழே வைத்தாள். அவனுடைய கையையே கொஞ்ச நேரம் பார்த்தாள். எதையோ கண்டுபிடித்துவிட்ட முகம்.

"அப்பா, ஒங்களுக்கும் சின்னப் பிள்ளையில காய்ச்சல் வந்துச்சா?"

ஜெசிந்தாவின் கை குழம்புச் சட்டியின் மேல் நின்றது. அவள் இன்னாசியைப் பார்க்கவில்லை.

அமலி காத்திருந்தாள். அவளுக்குத் தெரிந்த உலகத்தில் இந்தக் கையால் எழுதுகிறவர்கள், எறிகிறவர்கள், டம்ளரைத் தூக்குகிறவர்கள் எல்லாருக்கும் ஒரே ஒரு காரணம்தான் இருந்தது. அப்பாவுக்கும் அதுதான் இருக்க வேண்டும். அவள் கேட்ட குரலில் வருத்தம் இல்லை. ஆமாம் என்று சொல்ல மாட்டாரா என்ற ஆவல்தான் இருந்தது.

"ஆமா மக்கா" என்றான் இன்னாசி. "வந்துச்சு."

"ரொம்ப வலிச்சுதா?"

"வலிச்சுது."

அவள் சரி என்பதுபோல் தலையை ஆட்டினாள். பிறகு கொஞ்சம் நகர்ந்து, முழங்கை இடிக்காதபடி அவன் பக்கத்தில் ஒட்டி உட்கார்ந்துகொண்டு, மீதிச் சோற்றைச் சாப்பிடத் தொடங்கினாள்.